அமிர்தவல்லியின் காசு மாலை

கஜா புயல் அடித்த ராத்திரி, குழந்தைசாமியின் கொல்லையில் நின்ற தென்னைமரம் ஒன்று வேரோடு கிளம்பி, இரண்டு வேலியையும் ஒரு வாய்க்காலையும் தாண்டிப் பக்கத்து ஊர்க்காரர் கொல்லையில் இறங்கி நட்டுக்கொண்டது. இறங்கின இடத்தில் இன்றைக்கும் காய்க்கிறது. காயை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்று பெருந்தன்மையாக விட்டுக்கொடுத்த குழந்தைசாமி, மட்டையை மட்டும் அடுப்பெரிக்கக் கேட்டு வாங்கிக்கொள்கிறார். இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு சுருக்கமும் அசையாது. கேட்டவர் சிரித்தால், "மரம் அங்கதான் நிக்கிது, போய்ப் பாருங்க" என்பார். யாரும் போய்ப் பார்த்ததில்லை. போய்ப் பார்த்து, மரம் இல்லாமல் போனால் கதை கெட்டுவிடும் என்று ஆவணிக்கொல்லை ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

இப்பேர்ப்பட்டவர் புதுக்கோட்டை கோர்ட்டில் கூண்டேறி, உண்மையைத் தவிர வேறொன்றும் சொல்லமாட்டேன் என்று சத்தியம் செய்தபோது, பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஊர்க்காரர்களுக்கெல்லாம் ஒரே நேரத்தில் இருமல் வந்தது.

ஆனால் அன்று அவர் சொன்னது அத்தனையும் உண்மை. இரண்டு வருசத்துக்கு முன்னால், பட்டப்பகலில், கொல்லை வீட்டில் தனியாக இருந்த அவர் மனைவி அமிர்தவல்லியைக் கழுத்தை நெரித்துக் கொன்றுவிட்டுச் சங்கிலியை எடுத்துக்கொண்டு போனான் ஒருவன். ரோட்டோரத் தேங்காய் மண்டியின் கேமராவில், திருப்பதி என்கிற பந்தல்காரன் பைக்கில் கொல்லைப் பக்கம் போனதும் திரும்பியதும் பதிவாகியிருந்தன. பேத்தி இலக்கியாவின் காதுகுத்துக்குச் சீரியல் பல்பு கட்டியவன் அவன். அவன் வீட்டு அரிசி டிரம்முக்குள் சங்கிலி கிடைத்தது. அவனோ, ரோட்டில் நாலு பேர் போகத்தான் செய்வார்கள், சங்கிலி எங்க அம்மாவோடது, அந்தக் கிழவி முகத்தையே நான் பார்த்ததில்லை, காதுகுத்துப் பந்தலுக்கு ஆளைத்தான் அனுப்பினேன் என்று மூன்றையும் அடித்துச் சொன்னான்.

எதிர்த்தரப்பு வக்கீல் லக்ஷ்மணன் மெல்லப் பேசுகிற ஆள். கையில் ஒரு போட்டோவைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.

"பெரியவரே, இது யாரு படம்?"

"எம் பொஞ்சாதி படங்க."

"போலீசு தாக்கல் பண்ணுன படம். இதுல அந்தச் சங்கிலி எங்க இருக்கு, காட்டுங்க."

காட்ட அங்கே சங்கிலி இல்லை. அமிர்தவல்லியின் நெஞ்சு நிறைய ஒரு காசு மாலை கிடந்து மின்னியது.

"சங்கிலி இல்ல, காசு மாலை இருக்கு. அந்தக் காசு மாலை இப்ப எங்க?"

"அப்படி ஒண்ணு கெடையாதுங்க."

"படத்துல இருக்கே."

"படத்துல இருக்கு. வீட்டுல இருந்ததில்ல."

"படத்திறப்பு அன்னிக்கு, இது எம்மகன் சிங்கப்பூர்ல வாங்கியாந்ததுன்னு ஊருக்கு முன்னால சொன்னீங்களா?"

"சொன்னேங்க."

"அது பொய்யா?"

"பொய்தாங்க."

"தென்னமரம் பறந்து போச்சுன்னு சொல்றீங்களாமே, அது?"

குழந்தைசாமி யோசித்தார். சத்தியம் செய்திருப்பது ஞாபகம் வந்தது.

"மரம் விழுந்துச்சுங்க," என்றார். "பறக்கல."

பின்பெஞ்சிலிருந்து ஒரு பெருமூச்சு கேட்டது. பல வருசமாக நின்ற மரம் அன்றைக்குத்தான் விழுந்தது.

அரசு வக்கீல் ஹேமா வராந்தாவில் அவரைத் தனியே கூப்பிட்டார். மகள் வயசுப் பெண். கோபத்தை அடக்கிக்கொண்டு பேசினார்.

"ஐயா, சங்கிலி ஒங்களோடதுன்னு சொல்ல இப்ப ஒங்க வாய் மட்டுந்தான் இருக்கு. அந்த வாய இன்னிக்கு அவரு ஒண்ணுமில்லாமப் பண்ணிட்டாரு. அவுங்க சங்கிலியப் போட்டுக்கிட்டு நிக்கிற மாதிரி வேற படம், வீடியோ ஏதாவது இருக்கா? தேடிப் பாருங்க."

"தேடுறேன்" என்று சொன்னவர், பஸ் ஸ்டாண்டுக்குப் போகிறவரைக்கும் நின்ற இடத்தில் நிற்கவில்லை. ஆலங்குடி தாண்டுகிறவரைக்கும் பஸ்ஸிலும் உட்காரவில்லை. சீட் காலியாக இருந்தது. கண்டக்டர் இரண்டு தடவை காட்டிவிட்டு, மூலமாக இருக்கும் போல என்று விட்டுவிட்டார்.

காசு மாலை வந்த கதை இது. கீரமங்கலத்தில் ஸ்டூடியோ வைத்திருக்கும் ஏகாம்பரத்துக்கு, செத்தவர்களுக்கு நகை போடுவதில் அந்த வட்டாரத்திலேயே பேர். உயிரோடு இருக்கும்போது எண்ணெய் வழியும் தலையும் நைந்த சேலையுமாக எடுத்த போட்டோவைக் கொடுத்தால் போதும். படத்திறப்புக்குள் பட்டுச்சேலை கட்டி, தலை வாரி, சுருக்கத்தை நீக்கிக் கொண்டுவந்து நிறுத்திவிடுவார். "கழுத்துக்கு என்ன போடட்டும்?" என்று நகைக்கடைக்காரர் மாதிரியே கேட்பார். மனைவியைப் பறிகொடுத்துவிட்டு வந்து நின்ற குழந்தைசாமியிடமும் அப்படித்தான் கேட்டார். நாற்பது வருசமாக அமிர்தவல்லி கேட்டு அவர் வாங்கிக் கொடுக்காதது ஒன்றுதான். அதைப் போடச் சொன்னார். கழுத்தில் கிடந்த மெல்லிய சங்கிலி எடுப்பாக இல்லையென்று ஏகாம்பரம் அதை அழித்துவிட்டார்.

படத்திறப்பில் எல்லோரும் அதைத்தான் பார்த்தார்கள். "இத எப்ப எடுத்தீக?" என்று ஒருவர் கேட்க, வாய் பழக்கத்தில், "எம்மகன் சிவா சிங்கப்பூர்லேர்ந்து போன வருசம் கொண்டாந்தான்" என்று சொல்லிவிட்டார். சொன்னபோது கொஞ்சம் ஆறுதலாகக்கூட இருந்தது. அவர் சொன்ன கதைகளிலேயே ஊர் முழுசாக நம்பிய கதை அது ஒன்றுதான், ஏனென்றால் அதற்கு மட்டும்தான் படம் இருந்தது.

நம்பிய ஊர் சும்மா இருக்குமா? திருடன் வீட்டில் சங்கிலிதான் கிடைத்தது என்றால் காசு மாலை எங்கே? மாமியாரைத் தவிர அந்த வீட்டில் இருந்த பெண் மருமகள் அன்புச்செல்வி ஒருத்திதான். பந்தல்காரனுக்கு ஆள் இல்லாத நேரத்தைச் சொன்னது யார்? கேள்வி வாய்க்கால் மடை மாறுவது போலத் தானாகத் திரும்பிக்கொண்டது. போலீஸ்காரர்கள் கறம்பக்குடியில் இருக்கும் அவள் அப்பா வீட்டுக்குப் போய், தெருவே பார்க்க அரிசிப் பானை வரைக்கும் கவிழ்த்துப் பார்த்தார்கள். அதன்பிறகுதான் குழந்தைசாமி, காசு மாலை பொய் என்று ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார். ஏட்டிடமும் சொன்னார். ஏட்டு அவர் தோளில் தட்டி, "மருமகள விட்டுக்குடுக்காத மனுசன்யா நீரு" என்றார்.

ஸ்டூடியோவில் செய்த வேலை என்று ஏகாம்பரம் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். ஏகாம்பரம் சொல்லவில்லை.

கோர்ட்டுக்குப் போய் வந்த மறுநாள் விடியலில் மல்லிகைக் கொல்லையில் பூ எடுத்தார்கள். பனி இறங்கி, செடிகளுக்கு நடுவே முழங்கால்வரை நனைந்தது. பெண்கள் ஆளுக்கொரு வரிசையாக மடியைக் கட்டிக்கொண்டு மொட்டுக் கிள்ளுவார்கள். வரிசைக்கு வரிசை பேச்சுப் போகும். மருமகள் செல்வியின் வரிசைக்கு இரண்டு பக்கமும் வரிசை காலியாக இருந்தது. நாலு வரிசை தள்ளி, பங்காளி வீட்டு ராசாத்தி எடுத்துக்கொண்டிருந்தாள்.

குழந்தைசாமி மோட்டாரைப் போட்டார். போட்ட வேகத்தில் நிறுத்தினார். வரப்பில் மேற்கே போனார், கிழக்கே வந்தார்.

"அண்ணே, ஒரு எடத்துல நில்லுங்களேன், எனக்குக் கிறுகிறுன்னு வருது," என்றாள் ராசாத்தி. "கேசு என்னாச்சு? அவன் வெளிய வந்துருவானாம்ல?"

"யாரு சொன்னா?"

"வக்கீலு அந்தப் பாடு படுத்துனாராம். மரத்தயே சாச்சுப்புட்டாராம்."

"மரம் போகுது. நீயாச்சும் ஒண்ணக் கேளு ராசாத்தி. காசு மாலைன்னு ஒண்ணு கெடையவே கெடையாது."

"கெடையாதுங்க. நான் இருக்குன்னா சொன்னேன்? ஊரு சொல்லுது. அவன் வெளிய வந்தா, அப்பக் கொன்னது யாருன்னுதானே அடுத்துக் கேப்பாக. அதத்தான் நெனச்சுப் பாக்குறேன்."

அவள் குரலைத் தாழ்த்திக்கொள்ளவில்லை. செல்வி மடிப்பூவைக் கூடையில் கொட்டிவிட்டு மோட்டார் கொட்டகைப் பக்கம் வந்தாள். பின்னாலேயே அவரும் போனார்.

"மாமா, நான் ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. அவன விட்டுட்டாகன்னா, நான் புள்ளையத் தூக்கிக்கிட்டு எங்கப்பா வீட்டுக்குப் போயிருவேன். அப்புறம் இந்த ஊருக்கு வரமாட்டேன். ஒங்க மகன்ட்டயும் சொல்லிட்டேன்."

"அவன் என்ன சொன்னான்?"

"அழுகுறாரு. அங்கிட்டு உக்காந்துக்கிட்டு வேறென்ன பண்ணுவாரு."

"நான் பொய்யின்னு சொல்லிட்டேனே ஆத்தா. கோர்ட்டுலயும் சொல்லிட்டேன்."

"நீங்க சொன்னா ஒண்ணுந்தான், சொல்லாட்டியும் ஒண்ணுந்தான்," என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. பிறகு அவர் கைத்துண்டை முறுக்குவதையும் பிரிப்பதையும் பார்த்துக்கொண்டிருந்தவள், "காதுகுத்து வீடியோவ முழுசாப் பாத்தீங்களா?" என்று கேட்டாள்.

"அதுல எங்க இருக்கா அவ? பாதி நேரம் ரோசாப்பூ விழுகுது, மீதி நேரம் பாட்டு ஓடுது."

"அது எடிட்டிங் பண்ணுனது. அன்னிக்கு இலக்கியா அழுதுக்கிட்டே அத்தை சங்கிலியப் புடிச்சு இழுத்தா. கொக்கி கழண்டுச்சு. நீங்க மோட்டார்ல சுத்துற செம்புக் காயில் கம்பி வச்சுக் கட்டிவிட்டீங்கள்ல, அந்தக் கொக்கி. அத்தை அதத் தூக்கி, வீடியோ எடுத்த ஏகாம்பரண்ணன்ட்டக் காட்டுனாக. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு, புள்ள எங் கைக்குத் தாவுனா."

குழந்தைசாமி முதல்முறையாக நின்றார். அப்புறம் செருப்புக்கூடப் போடாமல் வண்டியை எடுத்தார். செல்வி பின்னால் ஏறிக்கொண்டாள்.

ஸ்டூடியோவை ஏகாம்பரம் அப்போதுதான் திறந்து ஊதுவத்தி கொளுத்திக்கொண்டிருந்தார். விஷயத்தைக் கேட்டதும் ஊதுவத்தியைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

"அழிச்சிருப்பேண்ணே."

"நீ எதையும் அழிக்கமாட்டியே," என்றார் குழந்தைசாமி.

அது உண்மை. விசேசத்தில் எடுத்த எதையும் ஏகாம்பரம் அழிப்பதில்லை. இந்த விசேசத்தில் பந்தியில் உட்கார்ந்திருக்கிறவர் அடுத்த விசேசத்துக்குள் படமாகிவிடுவார், அப்போது முகம் கேட்டு நம்மிடம்தான் வருவார்கள் என்பது அவருடைய தொழில் கணக்கு.

"இருந்தாலும் வேண்டாம்ணே. வீடியோவக் குடுத்தா கோர்ட்டுக்கு வரச் சொல்லுவாக. நாந்தான் எடுத்தேன், எதையும் மாத்தலன்னு எழுதிக் கையெழுத்துப் போடணும். அப்ப அந்தப் போட்டோவயும் நீட்டி, இதுல மாத்துனியான்னு கேப்பாங்கள்ல?"

"மாத்துனேன்னு சொல்லு."

"சொன்னா நான் ஊருக்குள்ள நடமாட முடியுமா? இங்கேருந்து கொத்தமங்கலம் வரைக்கும் பாதி வீட்டுச் செவத்துல தொங்குற நகை என்னோடதுண்ணே. ஒவ்வொரு வீட்டுலயும் அத வச்சு என்னென்ன சொல்லியிருக்காகளோ. பொண்ணே குடுத்துருப்பாக, எடுத்துருப்பாக."

செல்வி அதுவரை சுவரில் மாட்டியிருந்த மாதிரிப் படங்களைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அண்ணே," என்றாள், "செத்தவுகளுக்கெல்லாம் போட்டு விட்டீங்க. உசுரோட நிக்கிறவளுக்கு நீங்க போட்டது என்னன்னு தெரியுமா? எம் பக்கத்துல ஒருத்தி நின்னு பூ எடுக்கமாட்டேங்குறா."

ஏகாம்பரம் ஊதுவத்தியை எலுமிச்சம்பழத்தில் குத்திவிட்டு, மேசைக்கடியில் குனிந்தார். அட்டைப்பெட்டி நிறைய ஹார்ட் டிஸ்க்குகள். ஒவ்வொன்றாக மாட்டி மாட்டிக் கழற்றினார். கல்யாணங்கள், பூப்பு நீராட்டுகள், வடமாட்டு ஜல்லிக்கட்டு, கிரகப்பிரவேசம் எல்லாம் ஓடி மறைந்தன. கடைசியில் அவர்கள் வீட்டுப் பந்தல் வந்தது. பாட்டில்லை, பூவில்லை, வெயிலும் இரைச்சலுமாக அன்றைக்கு இருந்தபடியே இருந்தது.

கம்ப்யூட்டருக்குள்ளிருந்து அமிர்தவல்லியின் குரல் முதல் வார்த்தை பேசியதுதான் தாமதம், குழந்தைசாமி எழுந்து வெளியே வந்துவிட்டார். பூக்கமிஷன் கடைப் பக்கம் போனார். ஒரு டீ சொன்னார். டீ வருவதற்குள் திரும்பி வந்தார். மறுபடி போனார். டீக்காரர் கிளாஸைத் தூக்கிக்கொண்டு அவர் பின்னாலேயே பாதித் தெரு வந்தார்.

செல்வி வெளியே வந்தபோது முகம் கழுவியிருந்தாள்.

"இருக்கா?" என்றார்.

"இருக்கு."

"தெளிவா?"

"தெளிவா இருக்கு மாமா. மத்தத கோர்ட்டுல பாத்துக்கங்க. நான் சொல்லமாட்டேன்."

அந்த டிஸ்க் போலீஸ் கைக்குப் போய், சீல் வைக்கப்பட்டு, வெட்டு ஒட்டு உண்டா என்று பார்க்கச் சோதனைக்கூடத்துக்குப் போய்த் திரும்ப ஒரு பலாச் சீசன் முடிந்துவிட்டது. அத்தனை நாளும் குழந்தைசாமி யாருக்கும் ஒரு கதையும் சொல்லவில்லை. ஊரில் அவருக்குச் சர்க்கரை என்று பேசிக்கொண்டார்கள்.

வாய்தா அன்று ஊரில் ஒரு வேன் பேசிக்கொண்டு வந்தார்கள். ராசாத்தி முன்பெஞ்சுக்கே வந்துவிட்டாள். முதலில் ஏகாம்பரம் கூண்டில் ஏறினார். வீடியோவைத் தானே எடுத்ததாகவும் எதையும் மாற்றவில்லை என்றும் சொன்னார். லக்ஷ்மணன் போட்டோவை நீட்டினார்.

"இதுவும் ஒங்க ஸ்டூடியோதானே? இதுல ஏதாவது மாத்துனீங்களா?"

"மாத்துனேங்க. சங்கிலிய எடுத்துட்டு காசு மாலை போட்டேன்."

"மாத்துறதுதான் ஒங்க வழக்கமா?"

"செத்தவுகளுக்கு மட்டுங்க. கேட்டாப் போடுவேன். நாங் கேக்காம விட்டாலும் அவுகளே கேப்பாக. அட்டிகை, வளையல், போன மாசம் ஒரு அம்மாவுக்கு ஒட்டியாணம்."

ராசாத்தி முந்தானையை இழுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டாள். போன மாசம் அவள் மாமியாருக்குப் படத்திறப்பு நடந்தது. வேனில் வந்த ஏழெட்டுப் பேரும் ஆளுக்கொரு சுவரைப் பார்த்தார்கள்.

"செத்தவுக படத்த மாத்துறவரு, இந்த வீடியோவ மாத்தலன்னு நாங்க எப்படி நம்புறது?"

"இத எடுக்கையில அந்தம்மா உசுரோட இருந்தாகங்க," என்றார் ஏகாம்பரம். அவருக்குத் தெரிந்த நியாயம் அது. மாற்றவில்லை என்ற சோதனைக்கூட அறிக்கையை ஹேமா எடுத்துக் காட்டினார்.

சுவரில் மாட்டியிருந்த பெரிய டிவியில் வீடியோ ஓடியது. தாய்மாமன் மடியில் இலக்கியா காது சிவந்து கத்துகிறாள். அமிர்தவல்லி குனிந்து தூக்கப் போகிறாள். பிள்ளையின் கை சங்கிலியில் விழுகிறது.

"விடுடி. அறுந்துரும்டி. இது ஒங்க தாத்தன் மோட்டார் கம்பியில கட்டிவிட்ட சங்கிலி."

கொக்கி பிடுங்கிக்கொண்டது. செல்வி பிள்ளையை வாங்கிக்கொள்ள, அமிர்தவல்லி சங்கிலி முனையைத் தூக்கிக் கேமராவுக்கு நேரே காட்டினாள். காயில் கம்பி மூன்று முறுக்காகச் சுற்றி, வால் வளைந்து, கொக்கியின் ஒரு பக்கம் நசுங்கி, அத்தனையும் டிவி அகலத்துக்குத் தெரிந்தது.

"ஏகாம்பரம், இத நல்லாப் புடிச்சுக்கப்பா. நாப்பது வருசமாக் காசு மாலை வாங்கித் தாரேன்னு சொல்ற மனுசன் கட்டுன கம்பி."

படத்துக்கு வெளியிலிருந்து ஒரு குரல், கொஞ்சமும் அசங்காமல்: "காசு மாலை கப்பல்ல வந்துக்கிட்டிருக்கு. கோட்டப்பட்டினத்துக்கிட்ட வந்துருச்சாம். தண்ணி கம்மியா இருக்கதால நிக்கிது."

பந்தலே சிரித்தது. அமிர்தவல்லியும் சிரித்தாள். "கப்பலு கரையேறையில நான் இருக்கமாட்டேன். வந்தா எஞ் செல்விக்குப் போட்டுவிடுங்க," என்றாள்.

"நிறுத்துங்க," என்றார் ஹேமா. படம் நின்றது. அமிர்தவல்லியின் தோளுக்குப் பின்னால், ஏணியில் சீரியல் பல்பைப் பிடித்துக்கொண்டு நின்ற ஒருவன் அவள் கையிலிருந்த சங்கிலியையே பார்த்துக்கொண்டிருந்தான். குற்றவாளிக் கூண்டில் நின்ற திருப்பதி டிவியைப் பார்க்கவில்லை, கீழே பார்த்தான்.

அரிசி டிரம்மில் எடுத்த சங்கிலியை மேசையில் வைத்தார்கள். அதே மூன்று முறுக்கு, அதே வால், அதே நசுங்கல். நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். லக்ஷ்மணன், செம்புக் கம்பி எல்லார் வீட்டிலும் இருக்கும் என்று ஆரம்பித்தார். முடிக்கும்போது அவர் குரல் இன்னும் மெல்லியதாகிவிட்டது.

குழந்தைசாமியை மறுபடி கூண்டுக்குக் கூப்பிட்டார்கள். கம்பிப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

"வெளியிலேருந்து பேசுற குரல் யாரோடது?" என்றார் ஹேமா.

"என்னுதுங்க."

"காசு மாலை வந்துச்சா?"

"வரலைங்க. கப்பலும் பொய்தாங்க."

இந்தத் தடவை யாருக்கும் இருமல் வரவில்லை.

அடுத்த மாசம் திருப்பதிக்கு ஆயுள் தண்டனை சொன்னார்கள். தீர்ப்பில் தேங்காய் மண்டிக் கேமராவையும் காதுகுத்து வீடியோவையும் பற்றி நிறையப் பக்கம் இருந்தது. கேட்டுவிட்டு வெளியே வந்தபோது தூறலாக இருந்தது. ராசாத்தி செல்வியிடம் வந்து, "நாளைக்கு வெள்ளனாவே எடுத்துருவோம்டி, முகூர்த்த நாளு, வெல ஏறும். நான் ஒம் பக்கத்து வரிசையப் புடிச்சுக்குறேன்" என்றாள். செல்வி "நாளைக்கு நான் வரல அத்தாச்சி" என்றாள்.

பஸ் ஸ்டாண்டில் ஊருக்குப் போகும் கீரமங்கலம் பஸ் நின்றது. அவள் அதைத் தாண்டி நடந்தாள். குழந்தைசாமி பின்னாலேயே ஓடினார்.

"ஆத்தா, இன்னமும் கோவமா? அதான் எல்லாம் முடிஞ்சிருச்சே."

"ஒங்களுக்கு முடிஞ்சிருச்சு. எங்கப்பா இன்னும் வீட்ட விட்டு வெளிய வர்றதில்ல. தெருவுல போலீசு பானையக் கவுத்த அன்னிக்கு உள்ள போனவரு." அவள் கறம்பக்குடி பஸ்ஸின் படியில் கால் வைத்துத் திரும்பினாள். "நீங்களும் வாங்க. நீங்களே வந்து சொல்லுங்க. ஆனா மாமா, ஒரு வார்த்தகூடச் சேக்கக்கூடாது."

ஏறினார். வழி நெடுக வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தார். எப்படிச் சொன்னாலும் எங்கேயாவது ஒரு கப்பல் எட்டிப்பார்த்தது. பிடித்துத் தள்ளினார்.

செல்வியின் அப்பா உள்கூடத்தில் உட்கார்ந்திருந்தார். "வாங்க" என்றார். உட்காரச் சொல்லவில்லை. செல்வி, தீர்ப்பு நாளுக்காக அங்கே விட்டிருந்த பிள்ளையைத் தேடிக்கொண்டு அடுப்படிப் பக்கம் போய்விட்டாள். குழந்தைசாமி வாசல்படிக்கு உள்ளே நின்றபடியே சொன்னார்.

"சம்பந்தி, காசு மாலை இருந்ததில்ல. அவளுக்கு வாங்கித் தரல. படத்துல போடச் சொன்னது நானு. கேட்டப்ப, மகன் வாங்கியாந்தான்னு சொன்னதும் நானு. அதனாலதான் போலீசு ஒங்க வீட்டுக்கு வந்துச்சு. இன்னிக்குக் கோர்ட்டுல அவனுக்குத் தண்டன குடுத்துட்டாக."

இவ்வளவு சின்னதாக ஒரு விஷயத்தை அவர் வாழ்நாளில் சொன்னதில்லை. சம்பந்தி மேற்கொண்டு வரும் என்று காத்திருந்தார். வரவில்லை.

"இத அப்பயே எங்கிட்ட வந்து சொல்லியிருக்கலாமே," என்றார்.

வேலை இருந்தது, வண்டி கெட்டுவிட்டது, வாய்க்கால் உடைந்துவிட்டது என்று பத்துப் பதில் குழந்தைசாமியின் நாக்கு நுனிவரைக்கும் ஓடி வந்தன.

"சொல்லியிருக்கலாம்," என்றார்.

உள்ளேயிருந்து செல்வி, "அப்பா, மாமா காலையிலேருந்து சாப்பிடல. எலை போடவா?" என்று கேட்டாள்.

சம்பந்தி அவர் காலைப் பார்த்தார். வாசல் மழையில் நனைந்து மணல் ஒட்டியிருந்தது.

"ரெண்டு எலையாப் போடு," என்றார்.